திருப்பிப் பார்க்க வேண்டிய படங்கள்

மலேசியாவின் நெகிரி செம்பிலான் மாநிலத் தோட்ட லயங்களில் மூன்று நான்கு தலைமுறையாகச் சுவரில் தொங்கிய சாமி படங்களையும், விருந்தாளி வரும்போது மட்டும் அலமாரியிலிருந்து இறங்கிய பீங்கான் கோப்பைகளையும் கலைப்பொருள் என்று எவரும் அழைத்ததில்லை. இருநூறு ஆண்டுகளுக்கு முன் எடோ நகரத்தில், அதாவது இன்றைய தோக்கியோவில், கடைக்காரரும் தச்சரும் கூலிக்காரரும் தம் வீட்டுச் சுவரிலும் தூணிலும் ஒட்டி வைத்த வண்ண அச்சுப்படங்களுக்கும் அந்நாளில் அப்படியொரு பெயர் கிடையாது. கசங்கினால் எறிந்துவிடக்கூடிய சரக்காகவே அவை விற்கப்பட்டன. அந்தத் தாள்களைத்தான் இன்று உலகின் பெரிய அருங்காட்சியகங்கள் இருட்டறையில், காற்றின் ஈரத்தைக் கூட அளந்து பார்த்துப் பாதுகாக்கின்றன. மலிவாகப் பிறந்த ஒரு படம் எவ்வாறு ஒரு நாட்டின் பெருமையாகிறது என்பதற்கு ஜப்பானிய அச்சுப்படங்களின் கதையைவிடத் தெளிவான பாடம் கிடைப்பதரிது. தோட்டங்கள் ஒவ்வொன்றாக மூடப்பட்டு லயங்கள் இடிபடும் இக்காலத்தில் அந்தப் பாடம் மலேசியத் தமிழருக்கு மிக அருகில் நிற்கிறது.

இப்படங்களை ஜப்பானியர் 'உகியோ-எ' என்பர். 'எ' என்றால் படம். 'உகியோ' என்றால் மிதக்கும் உலகம். முதலில் பௌத்தர்கள் இச்சொல்லைத் துன்பம் நிறைந்த நிலையற்ற உலகத்தைக் குறிக்கவே வழங்கினர். நிலையாமையைப் பேசும் தமிழ் நீதிநூல்களுக்கு நன்கு பழகிய உணர்வு அது. வாணிகம் பெருகிய எடோவில் அதே சொல் பொருள் திரும்பி, நிலையாத வாழ்வை இருக்கும்வரை சுவைத்துவிடும் நகரத்து மக்களின் உலகத்தைக் குறிக்கலாயிற்று. நாடக நடிகர், மல்லர், அழகியர், யாத்திரைத் தலங்கள், மழை, பனி, பாலம் என அந்நகரத்தார் காண விரும்பிய அனைத்தும் படமாயின. பல வண்ணங்களை ஒன்றன்மேல் ஒன்றாக அச்சிடும் முழு வண்ணப் படம் 1765ஆம் ஆண்டில் சுசுகி ஹருநொபு என்னும் ஓவியரின் காலத்தில் நிலைபெற்றது. பட்டு நெசவைப் போல் பல நிறம் கொண்டது என்ற பொருளில் அதை 'நிஷிகி-எ' என்று அழைத்தனர்.

ஒரு படத்தின் பின்னே நால்வர் உழைப்பு உண்டு. முதல் போட்டு, விற்பனைக்குரிய பொருளைத் தேர்ந்தவர் பதிப்பாளர். மையால் கோட்டோவியம் வரைந்து தந்தவர் ஓவியர். அந்தத் தாளைக் காட்டுச் செர்ரி மரப்பலகையின் மேல் கவிழ்த்து ஒட்டி, கோடுகளை மட்டும் மேடாக விட்டு எஞ்சிய மரத்தைக் குடைந்தெடுத்தவர் செதுக்குநர். பலகையில் வண்ணம் பூசிக் காகிதத்தில் ஏற்றியவர் அச்சாளர். ஒவ்வொரு நிறத்துக்கும் தனிப் பலகை தேவைப்பட்டதால் நிறங்கள் இடம் மாறாமல் விழுவதற்கு ஒவ்வொரு பலகையிலும் ஒரு மூலையில் முழங்கை வடிவிலும் ஓர் ஓரத்தில் நேர்கோடாகவும் இரண்டு அடையாளங்கள் செதுக்கப்பட்டன. 'கெந்தோ' எனப்படும் அவ்வடையாளங்களில் காகிதத்தின் மூலையையும் விளிம்பையும் பொருத்திவிட்டால் பத்தாவது பலகையின் நிறமும் மயிரிழை பிசகாமல் தன் இடத்தில் அமரும். அச்சு இயந்திரம் எதுவும் கிடையாது. காகித முசுக்கொட்டை மரத்தின் பட்டையிலிருந்து செய்த, மெல்லியதாயினும் எளிதில் கிழியாத தாளை ஈரப்படுத்திப் பலகைமேல் பரப்பி, மூங்கில் மடலால் போர்த்திய 'பாரென்' என்னும் வட்டத் தட்டினால் முதுகுப்புறத்தை வட்டவட்டமாகத் தேய்த்தே நிறத்தை ஏற்றினர். அந்தத் தேய்ப்பின் சுழல் தடம் தாளின் பின்பக்கத்தில் பதிந்து இன்றும் தெரிகிறது. ஒரு படத்தை எடுத்தவுடன் அதைத் திருப்பிப் பார்க்கும் பழக்கம் சேகரிப்பாளரிடம் ஏற்பட்டது இதனால்தான்.

ஓவியர் ஹொகுசாய் (1760-1849) 1830ஆம் ஆண்டையொட்டி வெளியிடத் தொடங்கிய ஃபூஜி மலையின் 36 காட்சிகள் என்ற வரிசை, விற்பனை நன்றாக இருந்ததால் மேலும் 10 படங்கள் சேர்க்கப்பட்டு 46 ஆக முடிந்தது. வெளிநாட்டிலிருந்து அப்போது மலிவாக வந்திறங்கிய பிரஷ்ய நீலம் என்னும் சாயத்தை அதில் அவர் தாராளமாகக் கையாண்டார். உலகமறிந்த பேரலைப் படம் அவ்வரிசையைச் சேர்ந்ததே. ஹிரொஷிகே (1797-1858) எடோவிலிருந்து கியோத்தோ வரை செல்லும் பெருவழியின் 53 தங்குமிடங்களை வரைந்தார். இத்தகைய படமொன்றின் விலை ஏறத்தாழ ஒரு கிண்ணம் மீயின் விலைதான். பேரலைப் படத்தை வாங்கிச் சென்றவர் அதைச் செல்வமாக எண்ணி வாங்கியிருக்க வழியில்லை.

1868இல் மெய்ஜி ஆட்சி தொடங்கி மேலைநாட்டுப் பழக்கங்கள் பெருகியபோது ஜப்பானியரே இவற்றைப் பழைய காலத்துக் குப்பையாகக் கருதலாயினர். பீங்கான் பாத்திரங்களைக் கப்பலில் அனுப்பும்போது உடையாமல் சுற்றுவதற்கு இவை பயன்பட்டன என்றும், அவ்வாறு சுற்றி வந்த தாளைப் பாரிசில் ஓர் ஓவியர் கண்டெடுத்ததிலிருந்தே ஐரோப்பாவின் மோகம் பிறந்தது என்றும் ஒரு கதை வழங்குகிறது. ஆய்வாளர்கள் அதை முழுதும் நம்புவதில்லை. உறுதியாகத் தெரிந்தது, பாரிசில் கடை நடத்திய ஹயாஷி ததமசா போன்ற ஜப்பானிய வணிகர்கள் பல்லாயிரம் படங்களை அங்கே கொண்டுசேர்த்தார்கள் என்பது. ஓவியர் வான்கோ நூற்றுக்கணக்கில் வாங்கி வைத்து, 1887இல் ஹிரொஷிகேயின் படங்களைத் தம் தூரிகையால் மீண்டும் வரைந்தார். பிரெஞ்சு எழுத்தாளர் எட்மண்ட் தெ கோன்கூர் 1891இல் ஓவியர் உதமாரோவைப் பற்றியும் 1896இல் ஹொகுசாயைப் பற்றியும் நூல் எழுதினார். அயலார் விலை கொடுத்து வாங்கி, பட்டியல் போட்டு, நூலும் எழுதிய பின்னரே ஜப்பானில் பலர் தம் வீட்டுப் பெட்டியைத் திறந்து பார்த்தனர். அதற்குள் மிகச் சிறந்த படிகள் பல கடல் கடந்துவிட்டன.

கடல் கடந்தவற்றுள் பெரும்பகுதி சேர்ந்த இடம் அமெரிக்காவின் பாஸ்டன் நுண்கலை அருங்காட்சியகம். 50,000க்கும் மேற்பட்ட ஜப்பானிய அச்சுப்படங்கள் அங்கே உள்ளன. அந்த அருங்காட்சியகத்தின் வரலாற்றில் தமிழர் அறிய வேண்டிய பெயர் ஒன்று உண்டு. யாழ்ப்பாணத் தமிழ்க் குடும்பத்தைச் சேர்ந்த சேர் முத்துக் குமாரசுவாமிக்கும் ஆங்கிலத் தாய்க்கும் மகனாக 1877இல் கொழும்பில் பிறந்த ஆனந்த குமாரசுவாமி, 1917இல் அங்கே இந்தியக் கலைக்கான பொறுப்பை ஏற்று 1947இல் மறையும் வரை பணியாற்றினார். அதே நிறுவனத்தின் சீன, ஜப்பானியப் பிரிவை அவருக்குச் சற்று முன்புவரை நடத்தியவர், 1902ஆம் ஆண்டையொட்டிக் கல்கத்தாவில் தாகூர் குடும்பத்தாரோடு பழகிய ஒககுரா ககுசோ. குமாரசுவாமி ஜப்பானிய அச்சுப்படத்தைத் தம் துறையாகக் கொண்டவர் அல்லர். எனினும் குயவர், கொல்லர், நெசவாளர் கைப்பொருளுக்கும் உயர்கலை என்று பெயர் பெற்றவற்றுக்கும் இடையே சுவர் எழுப்பக்கூடாது என்று, இலங்கையின் கைவினைகளைப் பற்றிய தம் 1908ஆம் ஆண்டு நூல் தொடங்கி வாழ்நாள் முழுவதும் அவர் வாதிட்டார். அலங்காரக் கலை என்று ஒதுக்கப்பட்டவற்றை ஆராய்வதற்கு அதைவிட உறுதியான அடித்தளம் இல்லை.

அவர் பணியாற்றிய நாளிலேயே, 1921இல், ஸ்பால்டிங் சகோதரர்கள் தாம் திரட்டிய ஏறத்தாழ 6,500 அச்சுப்படங்களை அந்த அருங்காட்சியகத்துக்கு வழங்கினர். அவற்றை ஒருபோதும் பொதுமக்கள் பார்வைக்குச் சுவரில் தொங்கவிடக்கூடாது என்பது அவர்கள் விதித்த நிபந்தனை. கேட்பதற்குக் கடுமையாகத் தோன்றும் இந்த நிபந்தனைக்குத் தக்க காரணம் இருந்தது. 18ஆம் நூற்றாண்டுப் படங்களில் நீலத்தைச் சிறு காட்டுப்பூ ஒன்றின் இதழ்ச் சாற்றிலிருந்தும், இளஞ்சிவப்பைக் குசும்பாப் பூவிலிருந்தும் எடுத்தனர். இரண்டும் வெளிச்சத்தைத் தாங்காதவை. நீர்நிலையும் வானமும் இன்று பழுப்பாகத் தெரியும் பல படங்களில் முன்பு நீலம் இருந்தது. எந்நேரமும் மூடியே கிடந்த ஸ்பால்டிங் தொகுப்பைக் கொண்டுதான் அக்கால நிறங்கள் உண்மையில் எப்படி இருந்தன என்பதை ஆய்வாளர் அறிகின்றனர்.

சேகரித்தல் என்பது வாங்கி அடுக்குவதோடு முடிவதில்லை. ஒவ்வொரு தாளையும் சாட்சியாக நிறுத்தி வினவுவதே அதன் சாரம். 1790களின் தொடக்கத்திலிருந்து 1842 வரையிலான படங்களில், தணிக்கைக்குப் பின் அச்சிட இசைவு பெற்றதைக் காட்டும் 'கிவமே' என்னும் சிறு வட்ட முத்திரை காணப்படும். 1850களிலிருந்து வந்த பல படங்களில் எலி, எருது, புலி எனப் பன்னிரண்டு விலங்குகளால் ஆண்டைக் குறிக்கும் முத்திரை உண்டு. பிரபவ, விபவ என்று ஆண்டுக்குப் பெயர் வைத்து எண்ணும் தமிழருக்கு இம்முறை அந்நியமாகத் தோன்றாது. பதிப்பாளர் முத்திரை, கோடுகளின் கூர்மை, பலகை தேய்ந்ததால் விளிம்பில் விழுந்த முறிவு ஆகியவற்றை ஒப்பிட்டு, ஒரே படத்தின் முதற்படிகளையும் பிற்படிகளையும் பிரித்தறிகின்றனர். பூதக்கண்ணாடி வைத்தால் நிறம் ஒரே பரப்பாகத் தாளின் நாருக்குள் ஊறியிருக்க வேண்டும். புள்ளிபுள்ளியாகத் தெரிந்தால் அது இயந்திர அச்சு.

இந்தக் கலை மரபு தமிழகத்தையும் ஒருமுறை தொட்டுச் சென்றது. யொஷிதா ஹிரொஷி (1876-1950) என்ற ஓவியர், மரக்கட்டை அச்சுக்குப் புத்துயிர் தந்த 20ஆம் நூற்றாண்டு இயக்கத்தின் தலைமக்களுள் ஒருவர். 1930-31ஆம் ஆண்டுகளில் தம் மகனோடு இந்தியாவையும் தென்கிழக்காசியாவையும் சுற்றி வந்து, தாஜ்மகால், காசி, அஜந்தா, எல்லோரா, உதயப்பூர், ரங்கூன், சிங்கப்பூர் ஆகியவற்றோடு மதுரைக் கோயிலையும் அச்சுப்படமாக்கினார். மீனாட்சி கோயிலின் நிழலும் வெளிச்சமும் செர்ரி மரப் பலகையில் செதுக்கப்பட்டு ஜப்பானியத் தாளில் ஏறியிருக்கின்றன என்ற செய்தி தமிழ் வாசகர் பலரை எட்டியதேயில்லை. யொஷிதா ஒரே பலகைத் தொகுதியைக் கொண்டு நிறங்களை மட்டும் மாற்றி, ஒரே காட்சியைக் காலையாகவும் இரவாகவும் அச்சிடுவதில் தேர்ந்தவர். அவரது நேர்மேற்பார்வையில் அச்சான படிகளின் இடது ஓரத்தில் 'ஜிசுரி', அதாவது 'தாமே அச்சிட்டது' என்னும் முத்திரை இருக்கும். அது இல்லாத பிற்படிக்கும் அது உள்ள முற்படிக்கும் சந்தை மதிப்பில் பெரும் வேறுபாடு உண்டு.

அச்சுப்படத்தை விட்டு அலங்காரப் பொருளுக்கு வந்தால் தமிழரின் தொடர்பு இன்னும் நெருக்கமாகிறது. ஆறு அங்குலச் சதுரத்தில், பூவும் கொடியும் மயிலும் மேடெழுந்து பளபளக்கும் பீங்கான் பூக்கற்களைப் பினாங்கிலும் மலாக்காவிலும் உள்ள பாபா-நியோன்யா சீனரின் வீட்டு முகப்பிலும், செட்டிநாட்டு வீடுகளின் சுவரிலும் காணலாம். இவற்றை இங்கிலாந்துச் சரக்கு என்று எண்ணுவோர் பலர். இங்கிலாந்தில் உலர்ந்த களிமண் தூளை உலோக அச்சில் வைத்து அழுத்தித் தட்டையான கல் செய்யும் முறை 1840இல் காப்புரிமை பெற்றது. அம்முறையைக் கற்று, 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஜப்பானியர் தாமே செய்யத் தொடங்கினர். முதல் உலகப் போரால் ஐரோப்பியச் சரக்கு தடைப்பட்டபோது ஆசியச் சந்தை அவர்கள் கைக்கு வந்தது. அவாஜி தீவைச் சேர்ந்த தாந்தோ நிறுவனம் இத்தொழிலில் முன்னணியில் நின்றது. நகோயாவின் சாஜி முதலிய ஆலைகளும் உடன் வளர்ந்தன. 1920களிலும் 30களிலும் சீனம், தைவான், மலாயா, இந்தியா என எங்கும் இந்தக் கற்கள் சென்றன.

வாங்குவோரின் விருப்பத்தை அந்த ஆலைகள் எவ்வளவு கூர்ந்து அறிந்திருந்தன என்பதற்கு, இந்தியச் சந்தைக்காக அவை செய்த சாமிக் கற்களே சான்று. ரவிவர்மா ஓவியங்களின் அச்சுப்படிகளை மாதிரியாக வைத்து இலக்குமி, சரசுவதி, கண்ணன் உருவங்களைக் கல்லில் வார்த்தனர். அத்தகைய கல்லொன்றைக் கையில் எடுத்தால், சேலை மடிப்பையும் தாமரை இதழையும் குறிக்கும் கோடுகள் மெல்லிய வரப்புகளாக மேடெழுந்திருப்பது விரலுக்குத் தெரியும்; ஒரு நிறப்பூச்சு மற்றொன்றோடு கலந்துவிடாமல் தடுப்பதற்கே அந்த வரப்பு. சூளையில் உருகிய கண்ணாடிப் பூச்சு பள்ளத்தில் தேங்கிய இடத்தில் நிறம் கனத்தும் மேட்டில் வழிந்த இடத்தில் வெளுத்தும் இருப்பதால், தூரிகை தொடாமலே நிழலும் ஒளியும் அமைந்துவிடுகின்றன. கல்லைத் திருப்பினால், சாந்து பற்றிக்கொள்வதற்காக விடப்பட்ட கட்டங்களுக்கிடையே ஆலையின் முத்திரையும் 'மேட் இன் ஜப்பான்' என்ற ஆங்கிலச் சொற்களும் கிடைக்கும். கிளிமானூர் அரண்மனையில் பிறந்த ரவிவர்மாவின் கற்பனை பம்பாய்ப் பகுதியில் கல்லச்சாகி, அவாஜி போன்ற இடங்களில் பீங்கானாகி, கப்பலேறித் தமிழன் வீட்டுக்குத் திரும்பி வந்திருக்கிறது.

நகரத்தார் என்னும் செட்டியார்கள் செட்டிநாட்டு மாளிகைகளை எழுப்பிய செல்வம் பர்மா, இலங்கை, மலாயா ஆகிய நாடுகளில் வட்டித்தொழிலாலும் நிலத்தாலும் ரப்பராலும் வந்தது. சிரம்பானில் நகரத்தார் எழுப்பிய பாலதண்டாயுதபாணி கோயில் அவர்கள் நெகிரி செம்பிலானில் ஊன்றிய காலுக்குச் சாட்சியாக நிற்கிறது. ஆகவே காரைக்குடிச் சுவரில் பதிந்த ஜப்பானியப் பூக்கல்லின் விலையில், மலாயாவில் விடியுமுன் எழுந்து பால் வெட்டிய தமிழரின் உழைப்புக்கும் ஒரு பங்குண்டு என்று சொல்வது மிகையாகாது. அந்த உழைப்பாளியின் லயத்துச் சுவருக்குச் சுண்ணாம்பு பூச்சும் ஒரு காலண்டருமே கிடைத்தன. அலங்காரக் கலையின் வரலாற்றை எழுதுவோர் அழகை மட்டும் எழுதி, அதற்குப் பணம் எங்கிருந்து வந்தது என்பதை விட்டுவிடுவது பெருங்குறை.

சுவரை விட்டுச் சமையலறைக்கு வந்தால், கிண்ணம், தட்டு, தூக்கு முதலியவற்றைச் செட்டிநாட்டில் 'மங்குச் சாமான்' என்பர். பீங்கானையும் எனாமல் பூசிய இரும்புப் பாத்திரத்தையும் ஒருங்கே குறிக்கும் இச்சொல், கிண்ணத்தைக் குறிக்கும் 'மங்கோக்' என்னும் மலாய்ச் சொல்லோடு உறவுடையது. தோட்டத் தமிழிலும் மங்கு என்றால் கோப்பைதான். பண்டம் போன வழியில் சொல்லும் போயிருக்கிறது. இத்தகைய ஜப்பானியப் பாத்திரத்தின் காலத்தை அறிய அடிப்பக்கம் உதவும். அமெரிக்கா 1891இலிருந்து இறக்குமதிப் பொருளில் நாட்டின் பெயரைப் பொறிக்கக் கட்டாயப்படுத்தியதால் ஜப்பானிய ஆலைகள் 'நிப்பான்' என்று பொறித்தன. 1921க்குப் பின் 'ஜப்பான்' என்றே எழுத வேண்டியதாயிற்று. போருக்குப் பின், 1952 வரை, 'ஆக்குப்பைடு ஜப்பான்', அதாவது அயலார் பிடியிலுள்ள ஜப்பான், என்ற சொல்லும் இடம்பெற்றது. மலாயாவுக்கு வந்த சரக்கை அமெரிக்கச் சட்டம் கட்டுப்படுத்தவில்லை. ஆயினும் ஆலைகளின் வழக்கம் ஒன்றாகவே இருந்ததால் இம்முத்திரைகளைத் தோராயமான காலக்குறிப்பாகக் கொள்ளலாம், தீர்ந்த முடிவாகக் கொள்ளலாகாது.

ஜப்பானியக் கலையைப் பற்றி நெகிரி செம்பிலான் தோட்டத்து மூத்தோரிடம் பேசுவோர், 'ஜப்பான்காரன் காலம்' என்ற சொல் அங்கே எழுப்பும் வலியைக் கடந்து பேச முடியாது. 1942 ஜனவரியில் கிம்மாஸ் அருகே போர் நடந்தது. அதன்பின் மூன்றரை ஆண்டுகள் பசியும் மரவள்ளிக்கிழங்குமாகக் கழிந்தன. பல்லாயிரம் தோட்டத் தமிழர் சயாம் மரண ரயில்பாதைக்குக் கொண்டுசெல்லப்பட்டனர்; அவர்களில் பெருந்தொகையினர் திரும்பவேயில்லை. பகாவ் அருகே, சிங்கப்பூரிலிருந்து வந்த யூரேசியரையும் சீனக் கத்தோலிக்கரையும் குடியமர்த்திய குடியேற்றத்துக்கு ஆட்சியாளர் 'ஃபூஜி-கோ', ஃபூஜி கிராமம், என்று பெயரிட்டனர். மலேரியாவும் பட்டினியும் அங்கே பலரைக் கொன்றன. குடியேறியவரோடு வாழ்ந்த ஆயர் அட்ரியன் தெவால்சும் 1945 ஜனவரியில் உயிர்நீத்தார். ஹொகுசாய் நீலத்தில் வரைந்த மலையின் பெயர் நெகிரி செம்பிலான் காட்டில் இத்தகைய நினைவோடும் இணைந்திருக்கிறது. ஒன்றைச் சொல்லி மற்றொன்றை மறைப்பது நேர்மையாகாது. பலகை செதுக்கிய எடோ கைவினைஞரின் மேன்மை அந்தக் கொடுமையைக் குறைத்துவிடவில்லை, அந்தக் கொடுமை அவர் மேன்மையை அழித்துவிடவுமில்லை.

அக்காலத்தின் ஓர் அச்சுப்படம் ஏறத்தாழ ஒவ்வொரு தோட்ட வீட்டுக்குள்ளும் நுழைந்தது. அது வாழைமரம் அச்சிட்ட பத்து வெள்ளி நோட்டு. 1942 முதல் ஜப்பானியர் மலாயாவுக்காக வெளியிட்ட தாள்களில், மலாயாவைக் குறிக்கும் 'எம்' என்ற ஆங்கில எழுத்தோடு தொடங்கும் குறியீடு இருக்கும். பல தாள்களில் வரிசை எண்ணே இல்லை. எண்ணின்றி அச்சடிக்கப்படும் பணத்துக்கு அளவேது? விலைகள் ஏறிக்கொண்டே போய், 1945 செப்டம்பரில் பிரிட்டிஷார் திரும்பியதும் அத்தாள்கள் வெறும் காகிதமாயின. சேமிப்பெல்லாம் டிரங்குப் பெட்டியில் வெற்றுத் தாளாகக் கிடந்த குடும்பங்கள் அன்று எத்தனையோ. இன்று நாணயச் சேகரிப்பாளர் அவற்றைத் தேடுகின்றனர். புதிதாக அச்சிட்ட போலிகளும் சந்தையில் உலவுவதால் தாளின் தன்மையையும் குறியீட்டையும் பார்த்தே வாங்குகின்றனர். ஆனால் ஒரு குடும்பம் தன் பெட்டியில் வைத்திருக்கும் கசங்கிய தாளோடு, அதை யார், எந்தத் தோட்டத்தில், எதற்காகப் பெற்றார் என்ற செய்தி சேர்ந்திருந்தால் அது எந்தச் சேகரிப்பாளரிடமும் இல்லாத ஆவணமாகிவிடும்.

சுவரிலிருந்த படத்துக்கு மீண்டும் வருவோம். 1894இல் தொடங்கிய ரவிவர்மா அச்சகம், ஒவ்வொரு நிறத்துக்கும் தனிச் சுண்ணக்கல்லில் கொழுப்பு மையால் வரைந்து அச்சிடும் கல்லச்சு முறையில் சாமி படங்களை ஏழை வீட்டுக்கும் எட்டச் செய்தது. 1972இல் தீப்பற்றி அது அழிந்தது. சாமி படங்களைச் சுமந்த காலண்டருக்கு வழிவகுத்த தீப்பெட்டியின் கதையிலும் ஜப்பான் உண்டு. இந்தியாவில் விற்பதற்காக இந்துத் தெய்வங்களின் படம் ஒட்டிய தீப்பெட்டிகளை ஜப்பானியர் அனுப்பி வந்த காலத்தில்தான், 1922இல், சிவகாசியைச் சேர்ந்த அய்ய நாடாரும் சண்முக நாடாரும் கல்கத்தா சென்று அத்தொழிலைக் கற்று வந்தனர். பெட்டிக்கு ஒட்டும் படத்தை அச்சிடத் தொடங்கிய ஊர் பின்னர் நாட்டுக்கே காலண்டர் அச்சிடும் ஊராயிற்று. கோவில்பட்டியில் வாழ்ந்த கொண்டையராஜுவும் (1898-1976) அவர் மாணவர்களும் வரைந்த முருகனும் மீனாட்சி கல்யாணமும் அந்தக் காலண்டர்களில் ஏறிக் கடல் தாண்டி வந்தன. கடைக்காரர் தைப்பொங்கலுக்குக் கொடுத்த காலண்டரில் ஆண்டு முடிந்ததும் தேதித் தாளை மட்டும் கிழித்தெறிந்துவிட்டு, படத்தைக் கண்ணாடி போட்டுச் சட்டமிட்டு மாட்டும் வழக்கம் தமிழர் வீடுகளுக்கு நன்கு தெரிந்ததே.

இந்தப் படங்களுக்கும் உகியோ-எ படங்களுக்கும் உள்ள ஒப்புமை மேலோட்டமானதன்று. பதிப்பாளர், ஓவியர், அச்சாளர் என்ற கூட்டு உழைப்பு, மலிவு விலை, மக்கள் விரும்பிய பொருள், ஆண்டுதோறும் புதுச் சரக்கு என எல்லாம் ஒத்திருக்கின்றன. ஹொகுசாய்க்கு நிகர் கொண்டையராஜு என்பது இங்கு வாதம் அன்று. தரத்தை எடைபோடுவதற்கேனும் பொருள் கையில் இருக்க வேண்டும் என்பதே வாதம். சிவகாசிக் காலண்டர்களைப் பற்றிக் கஜ்ரி ஜெயின் 2007இல் பெருநூல் எழுதினார். கிறிஸ்டோபர் பின்னி 2004இல் இந்திய அச்சுப்படங்களைப் பற்றி எழுதினார். இரண்டும் ஆங்கிலத்தில் வந்தவை. தோட்டத்து வீட்டில் எந்தப் படம் இருந்தது, அதன் முன் எவ்வாறு வழிபட்டனர் என்பதைத் தமிழில் எழுத வேண்டியவர்கள் இங்கேதான் இருக்கிறார்கள்.

ஜப்பானியப் பூக்கல்லின் வரலாறு இதற்கு நல்ல முன்மாதிரி. ஜப்பானில் தொகொனாமே நகரத்து இனாக்ஸ் அருங்காட்சியகம் தன் நாட்டுக் கற்கள் ஆசியாவெங்கும் சென்ற கதையைத் தனிக் கண்காட்சியாகவே வைத்தது. தைவானின் சியாயி நகரில், இடிபடும் பழைய வீடுகளிலிருந்து உளியால் ஒவ்வொன்றாகப் பெயர்த்துக் காப்பாற்றிய கற்களைக் கொண்டே ஓர் அருங்காட்சியகம் எழுந்தது. இடிக்கும் இயந்திரம் வருமுன் போய்ச் சேர்ந்தவர்களால் அது இயன்றது.

லாபு, ரந்தாவ், சிலியாவ், பகாவ் வட்டாரத்துத் தோட்டங்களில் இயந்திரம் வந்த இடங்கள் பல; ரப்பர் போய்ச் செம்பனை வந்தது, சில இடங்களில் செம்பனையும் போய் வீடமைப்புப் பகுதி வந்தது. குடும்பங்கள் அடுக்குமாடிக்கும் நகரத்துக்கும் குடிபெயரும்போது முதலில் கைவிடப்படுபவை சட்டம் உளுத்த சாமி படங்கள். வழிபட்ட படத்தைக் குப்பையில் போட மனம் வராமல் மரத்தடியிலோ ஆற்றோரத்திலோ வைத்துவிட்டுச் செல்கின்றனர். அந்த மனத்தில் இருக்கும் மரியாதையே அப்படங்களைக் காக்கப் போதுமான முதல். கொஞ்சம் அறிவும் அதோடு சேர வேண்டும்.

படத்தைச் சட்டத்திலிருந்து மெல்லக் கழற்றிப் பின்பக்கத்தையும் ஓரங்களையும் பார்க்க வேண்டும். அச்சகத்தின் பெயரோ கடையின் பெயரோ ஆண்டோ கீழ் ஓரத்தில் சிறிய எழுத்தில் இருக்கக்கூடும். பூதக்கண்ணாடியில் புள்ளிகள் ஒழுங்கின்றிக் கையால் வைத்தவைபோல் தெரிந்தால் கல்லச்சாக இருக்கலாம். நான்கு நிறப் புள்ளிகள் ஒழுங்கான வட்டங்களாகச் சேர்ந்திருந்தால் பிற்கால ஆப்செட் அச்சு. பின்னட்டையாக வைத்த பழைய அட்டை தாளை அரிக்கும் ஆதலால் அதை அகற்ற வேண்டும். ஒட்டுநாடா ஒட்டுவதும் லாமினேட் செய்வதும் கரையானும் இராமபாணப் பூச்சியும் செய்வதைவிடப் பெரிய கேட்டைச் செய்யும். சந்தனமும் குங்குமமும் படிந்த கண்ணாடியைத் துடைத்துவிடாமல், அப்படியே ஒருமுறை படமெடுத்து வைப்பது நல்லது; அந்தக் கறை வழிபாட்டின் பதிவு. எல்லாவற்றுக்கும் மேலாக, வீட்டில் பெரியவர் இருக்கும்போதே அவரிடம் கேட்டு, எந்தத் தோட்டம், எந்த லயம், யார் வாங்கியது, எந்த ஆண்டு என்ற நான்கு செய்திகளை மென்மையான பென்சிலால் ஒரு தனித்தாளில் எழுதி, அத்தாளைப் படத்தோடு வைத்துவிடுங்கள்.